உலகமயம், புலம்பெயர்வு, வேலைப் பாதுகாப்பு: பொறுப்பு யாரிடம் இருக்கிறது?

உலகமயமாக்கலால் வேலைகள் வெளிநாடுகளுக்குப் போய்விடுகின்றன, மிஞ்சியிருக்கும் வேலைகளுக்கும் வெளியிலிருந்து ஆட்கள் வந்து குறைந்த கூலிக்குச் சேர்ந்துகொள்கிறார்கள், இந்த இரண்டுக்கும் நடுவே நிரந்தர வேலை என்பது இனிமேல் இருக்குமா, பிள்ளைகளை எதை நம்பிப் படிக்கவைப்பது என்று கேட்டிருக்கிறீர்கள். வேலை ஒப்பந்தங்களைப் படித்து, அவற்றில் கையெழுத்திடப் போகிறவர்களுக்கு விளக்கிச் சொல்வதைப் பல ஆண்டுகளாகச் செய்துவருபவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன். வேலைகள் இடம் மாறுவதும் உண்மை, மனிதர்கள் இடம் மாறுவதும் உண்மை. ஆனால் இரண்டையும் சேர்த்துப் பார்க்கும்போது எனக்குப் பெரிதாகத் தெரிவது வேறொன்று. முன்பெல்லாம் வேலை வாங்குகிறவரும், கூலி கொடுக்கிறவரும், விபத்து நேர்ந்தால் சட்டத்தின் முன் நிற்கவேண்டியவரும் பெரும்பாலும் ஒரே முதலாளிதான். இன்று வேலை வாங்குகிறவர் ஒரு நாட்டில், கூலி கொடுக்கிறவர் இன்னொரு நாட்டில், பதில் சொல்லவேண்டியவர் எங்கே என்றே தெரியாத நிலையில், அந்த ஒரே முதலாளி பல துண்டுகளாகப் பிரிந்துவிட்டார். வேலைப் பாதுகாப்பு கரைந்தது அந்தப் பிளவின் வழியாகத்தான்.

துறைமுகத்திலிருந்து தொடங்குகிறேன். 1956 ஏப்ரல் 26 அன்று அமெரிக்காவின் நியூவர்க் துறைமுகத்திலிருந்து ‘ஐடியல் எக்ஸ்’ என்ற பழைய எண்ணெய்க் கப்பல், மேல்தளத்தில் கன்டெய்னர் எனப்படும் 58 பெட்டகங்களை ஏற்றிக்கொண்டு ஹூஸ்டனுக்குப் புறப்பட்டது. லாரி நிறுவனம் நடத்திவந்த மால்கம் மெக்லீனின் யோசனை அது. அதுவரை கப்பலில் சரக்கேற்றுவது என்றால் மூட்டை, பீப்பாய், மரப்பெட்டி என்று ஒவ்வொன்றாகத் தூக்கி, கப்பலின் வயிற்றுக்குள் இடம் பார்த்து அடுக்குவதுதான். ஒரு கப்பலை ஏற்றி இறக்க நாள்கணக்கில் ஆகும். கையால் ஏற்றினால் டன்னுக்கு 5.86 டாலர் ஆன செலவு, கன்டெய்னரில் ஏறத்தாழ 16 சென்ட்டாகக் குறைந்தது. உலகமயமாக்கல் என்றதும் உலக வங்கியையும், 1995-இல் பிறந்த உலக வர்த்தக அமைப்பையும்தான் பலர் நினைக்கிறார்கள். ஆனால் உலக வர்த்தக அமைப்புக்கான ஒப்பந்தம் கையெழுத்தாவதற்கு முன்பே, ஒரு பொருளை எங்கே செய்தாலும் ஒன்றுதான் என்ற நிலையை இந்தச் சாதாரணப் பெட்டி உருவாக்கிவிட்டிருந்தது.

அந்தப் பெட்டி முதலில் பறித்தது துறைமுகத் தொழிலாளியின் வேலையைத்தான். லண்டனில் நகரத்துக்குள் இருந்த பழைய கப்பல்துறைகள் 1960-களின் இறுதியிலிருந்து ஒன்றன்பின் ஒன்றாக மூடப்பட்டு, 1981-க்குள் ஏறக்குறைய எல்லாமே வெறிச்சோடின. சரக்கு நகரத்துக்கு வெளியே இருந்த டில்பரி, ஃபீலிக்ஸ்டோ துறைமுகங்களுக்குப் போய்விட்டது. அதே இயந்திரத்தை எதிர்கொண்ட அமெரிக்காவின் பசிபிக் கரையில் நடந்தது வேறு. ஹாரி பிரிட்ஜஸ் தலைமையிலான துறைமுகத் தொழிலாளர் சங்கம், இயந்திரம் வருவதைத் தடுக்க முடியாது என்று கணித்து, அதில் கிடைக்கும் லாபத்தில் பங்கு கேட்டது. 1960-இல் ஏற்பட்ட உடன்பாட்டின்படி, முதலாளிகள் ஆண்டுக்கு 50 லட்சம் டாலர் வீதம் ஒரு நிதியில் செலுத்தினார்கள். முழுப் பதிவு பெற்ற தொழிலாளி எவரும் இயந்திரத்தின் பெயரால் வீட்டுக்கு அனுப்பப்படவில்லை. வயதானவர்கள் பணத்தோடு முன்கூட்டியே ஓய்வு பெற்றார்கள். ஒன்றை மறைக்கக் கூடாது: முழுப் பதிவு பெற்றவர்களுக்குத்தான் அந்த உத்தரவாதம் இருந்தது. அவர்களுக்கு அடுத்த வரிசையில் நின்ற இரண்டாம் தரப் பதிவுக்காரர்களுக்கு அது கிடைக்கவில்லை. வேலைப் பாதுகாப்பின் வரலாறு முழுக்க இந்தக் கோடு ஓடுகிறது. உள்ளே இருப்பவருக்குக் கேடயம் கிடைக்கிறது; வாசலில் நிற்பவர் அந்தக் கேடயத்துக்கு விலை கொடுக்கிறார்.

அடுத்த பெரிய அலை சீனா. 2001 டிசம்பர் 11 அன்று சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது. 1999-க்கும் 2011-க்கும் இடையில் சீன இறக்குமதிப் போட்டியால் அமெரிக்காவில் 20 முதல் 24 லட்சம் வேலைகள் போயின என்பது டேவிட் ஆட்டர் உள்ளிட்ட பொருளாதார அறிஞர்களின் மதிப்பீடு. அந்த நாட்டின் மொத்த வேலைகளோடு ஒப்பிட்டால் இது சிறிய எண்ணிக்கைதான். ஆனால் வேலைகள் நாடெங்கும் பரவலாகப் போகவில்லை. மரச்சாமான், துணி, பொம்மை என்று ஒரே தொழிலை நம்பியிருந்த ஊர்களில் குவிந்து போயின. ஒரு ஊரில் ஆலை மூடினால் வேலையிழந்தவர்கள் வேறு ஊருக்குப் போய் வேறு தொழில் தேடிக்கொள்வார்கள் என்பது பாடப்புத்தகக் கணக்கு. அந்த ஆய்வுகள் காட்டியது வேறு: பெரும்பாலோர் அதே ஊரிலேயே இருந்தார்கள், பத்து ஆண்டுகளுக்குப் பிறகும் கூலி எழவில்லை. வர்த்தகத்தால் வேலையிழந்தவர்களுக்கென்றே 1962-இல் உருவாக்கப்பட்ட உதவித் திட்டத்தின் வழியாகப் போன பணத்தைவிட, உடல் இயலாமை உதவித்தொகையாகப் போன பணமே அங்கே அதிகமாகக் கூடியது. அதாவது, ஈடு செய்வதற்கு என்று அமைக்கப்பட்ட வாசல் குறுகலாக இருந்ததால், நோயாளிகளுக்கான வாசலில் மக்கள் போய் நின்றார்கள்.

இதே காலத்தில் மறுபக்கம் நடந்ததையும் சொல்லாவிட்டால் பதில் பாதியாகிவிடும். நாற்பது ஆண்டுகளில் சீனாவில் ஏறத்தாழ 80 கோடிப் பேர் கடும் வறுமையிலிருந்து வெளியேறினார்கள் என்கிறது உலக வங்கி. உலகமயமாக்கல் வேலையை அழித்தது என்று ஓரிடத்தில் எழுதுகிறவர், அதே வாக்கியத்தில் இன்னோரிடத்தில் அது வேலையை உண்டாக்கியது என்றும் எழுதவேண்டும். அந்த வேலையில் பாதுகாப்பு எவ்வளவு இருந்தது என்பதுதான் நான் அடுத்துச் சொல்ல வருவது.

வங்கதேசத் தலைநகர் டாக்காவுக்கு அருகே சவாரில் இருந்த ராணா பிளாசாவை எடுத்துக்கொள்ளுங்கள். எட்டு மாடிக் கட்டடம். கீழ்த் தளங்களில் கடைகளும் ஒரு வங்கிக் கிளையும் இருந்தன. மேல் தளங்களில் ஐந்து ஆடைத் தொழிற்சாலைகள் இயங்கின. 2013 ஏப்ரல் 23 அன்று சுவர்களிலும் தூண்களிலும் விரிசல் கண்டது. எல்லோரும் வெளியேற்றப்பட்டார்கள். மறுநாள் காலை வங்கி தன் ஊழியர்களை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டது, கடைகளும் திறக்கவில்லை. ஆடைத் தொழிலாளர்களை மட்டும் உள்ளே போகச் சொன்னார்கள். போகாவிட்டால் சம்பளம் பிடிக்கப்படும் என்று மிரட்டினார்கள். காலை ஒன்பது மணி ஆகும் முன்னே கட்டடம் சரிந்து விழுந்தது. 1,134 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் இளம் பெண்கள்.

ஒரே கட்டடம், ஒரே விரிசல், ஒரே காலை. கீழே இருந்தவர்கள் வீட்டில் இருந்தார்கள், மேலே இருந்தவர்கள் ஏன் உள்ளே போனார்கள் என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். வங்கி ஊழியருக்கு முதலாளி யார் என்று தெரியும். அந்த வங்கிக்கும் தன் ஊழியருக்கு ஏதாவது நேர்ந்தால் தானே பொறுப்பு என்று தெரியும். மேல் தளத்துப் பெண்ணுக்குச் சம்பளம் கொடுத்தவர் தொழிற்சாலை உரிமையாளர். ஆனால் அவருடைய கழுத்தில் கயிறாகக் கிடந்தது வெளிநாட்டு பிராண்டுகளின் ஆர்டர். குறித்த தேதிக்குள் ஷிப்மென்ட் போகாவிட்டால் விலையில் தள்ளுபடி கேட்பார்கள், அல்லது விமானத்தில் தன் செலவில் அனுப்பச் சொல்வார்கள், அல்லது அடுத்த ஆர்டர் வேறு நாட்டுக்குப் போய்விடும். தேதியையும் விலையையும் தீர்மானித்தவர்கள் அந்தக் கட்டடத்தைப் பார்த்ததில்லை. சிலருக்குத் தங்கள் துணி அங்கே தைக்கப்பட்டதே இடிபாட்டுக்குள் லேபிள் கிடைத்த பிறகுதான் உறுதியானது; ஆர்டர் வாங்கிய ஆலை அதைத் துணை ஒப்பந்தத்தில் வேறொரு ஆலைக்குக் கைமாற்றியிருந்தது.

இந்த இடத்தில் ஒரு நல்ல செய்தியும் உண்டு. அடுத்த மாதமே பிராண்டுகளுக்கும் தொழிற்சங்கங்களுக்கும் இடையே தீப் பாதுகாப்பு, கட்டடப் பாதுகாப்பு பற்றிய ஓர் உடன்படிக்கை கையெழுத்தானது. பிராண்டுகள் தாமாக எழுதிக்கொள்ளும் நன்னடத்தை விதிகள் அதற்கு முன்பும் ஏராளமாக இருந்தன. ராணா பிளாசாவில் இயங்கிய ஆலைகளிலேயே தணிக்கை நடந்திருந்தது. புதிய உடன்படிக்கையில் வேறுபாடு என்னவென்றால், பிராண்டை நடுவர் மன்றத்துக்கு இழுத்து, தீர்ப்பைச் செல்லுபடியாக்கும் உரிமை சங்கத்துக்கு இருந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆலைகள் ஆய்வு செய்யப்பட்டன, சில மூடப்பட்டன, மற்றவற்றில் தீக்கதவும் தூண்களும் சரிசெய்யப்பட்டன. துண்டாகிப் போன முதலாளியை மறுபடி ஒட்டவைத்த ஒரு முயற்சி அது. பிரான்ஸ் 2017-இலும், ஜெர்மனி 2023 முதலும் பெரு நிறுவனங்கள் தங்கள் விநியோகச் சங்கிலியில் நடப்பதற்குக் கண்காணிப்புப் பொறுப்பு ஏற்கவேண்டும் என்று சட்டம் கொண்டுவந்ததும் இதே திசையில்தான். அவற்றைத் தளர்த்தச் சொல்லும் நெருக்கடி அன்றே தொடங்கிவிட்டது, இன்னும் ஓயவில்லை.

இனிப் புலம்பெயர்வுக்கு வருகிறேன். உலகமயமாக்கலும் புலம்பெயர்வும் இரண்டு தனித்தனி நிகழ்வுகள் என்பதுபோல் உங்கள் கேள்வி அமைந்திருக்கிறது. உண்மையில் ஒன்று மற்றொன்றின் தோளில் ஏறி நிற்கிறது. உலகத்தின் தொழிற்சாலை என்று சொல்லப்பட்ட சீனக் கடற்கரை நகரங்களை இயக்கியவர்கள், உள்நாட்டுக் கிராமங்களிலிருந்து வந்த தொழிலாளர்கள்; இன்று அவர்கள் ஏறத்தாழ 30 கோடிப் பேர். சொந்த நாட்டிலேயே, ‘ஹூகோ’ என்னும் குடும்பப் பதிவு முறையால், வேலை செய்யும் நகரத்தில் பள்ளி, மருத்துவம், ஓய்வூதியம் ஆகியவற்றில் முழு உரிமை இல்லாமல் வாழ்ந்தவர்கள். வேலைக்கு வரவேற்பு, குடியிருக்க அரைகுறை அனுமதி என்ற ஏற்பாட்டுக்கு நாட்டின் எல்லையைத் தாண்டவேண்டிய அவசியமே இல்லை. எல்லை தாண்டியவர்களைக் கணக்கிட்டால், உலகத் தொழிலாளர் படையில் ஏறத்தாழ 16 கோடியே 77 லட்சம் பேர் வெளிநாட்டுத் தொழிலாளர்கள் என்பது 2022-ஆம் ஆண்டுக்கான பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் மதிப்பீடு.

வந்தவர்கள் இருந்தவர்களின் வேலையை எடுத்துக்கொள்கிறார்களா? இதற்கு இயற்கையே நடத்திக்காட்டியதுபோல் ஒரு சோதனை 1980-இல் நடந்தது. கியூபாவின் மரியேல் துறைமுகத்திலிருந்து சில மாதங்களுக்குள் சுமார் 1,25,000 பேர் படகுகளில் அமெரிக்கா வந்தார்கள். பலர் மயாமியிலேயே தங்கினார்கள். அந்த நகரத்தின் தொழிலாளர் எண்ணிக்கை ஒரே வீச்சில் ஏழு சதவீதம் கூடியது. பொருளாதார அறிஞர் டேவிட் கார்ட் இதை ஆராய்ந்து 1990-இல் வெளியிட்ட முடிவு, மயாமியின் பழைய தொழிலாளர்களுடைய கூலியும் வேலைவாய்ப்பும் குறிப்பிடும்படி பாதிக்கப்படவில்லை என்பது. பிற்காலத்தில் ஜார்ஜ் போர்ஹாஸ் என்ற இன்னொரு பொருளாதார அறிஞர் அதே நிகழ்வை வேறு விதமாகப் பகுத்து, பள்ளிப் படிப்பை முடிக்காத ஆண்களின் கூலி பெரிதும் சரிந்ததாகச் சொன்னார். அவர் எடுத்துக்கொண்ட மாதிரி மிகச் சிறியது என்று பலர் மறுத்தார்கள். கார்டுக்கு 2021-இல் நோபல் பரிசு கிடைத்தது என்பதால் மட்டும் விவாதம் முடிந்துவிடவில்லை. ஆனால் ஓர் ஊரில் இருக்கும் வேலைகளின் எண்ணிக்கை பந்தியில் போட்ட இலைகளைப்போல் எண்ணி வைக்கப்பட்டது, ஒருவர் உட்கார்ந்தால் இன்னொருவர் எழவேண்டும் என்ற நினைப்பு தவறு என்பதில் பெரும்பாலான பொருளாதார அறிஞர்கள் உடன்படுகிறார்கள். வந்தவரும் வாடகை கொடுக்கிறார், துணி வாங்குகிறார், பேருந்தில் போகிறார். அவை எல்லாம் யாருக்கோ வேலை.

எதிர்ச் சோதனையும் உண்டு. 1942 முதல் 1964 வரை, ‘பிராசெரோ’ என்ற திட்டத்தின் கீழ் மெக்சிகோவிலிருந்து பண்ணைத் தொழிலாளர்கள் பருவந்தோறும் அமெரிக்காவுக்கு வந்தார்கள். அவர்களை நிறுத்தினால் உள்ளூர்த் தொழிலாளியின் கூலி உயரும் என்று சொல்லி, 1964-ஆம் ஆண்டின் இறுதியில் திட்டத்தை முடித்தார்கள். பல ஆண்டுகள் கழித்து, மாநிலவாரியாகக் கூலிப் பதிவேடுகளை ஒப்பிட்ட மைக்கேல் கிளெமென்ஸ் உள்ளிட்ட ஆய்வாளர்கள், மெக்சிகோத் தொழிலாளர்களை மிகுதியாக நம்பியிருந்த மாநிலங்களில் கூலி மற்ற மாநிலங்களைவிட வேகமாக உயரவில்லை என்று கண்டார்கள். காரணம் எளியது. கலிஃபோர்னியாவில் தக்காளி பறிக்கும் இயந்திரமும், அந்த இயந்திரத்தின் பிடியைத் தாங்கும் கெட்டித் தோல் கொண்ட தக்காளி ரகமும் ஏற்கனவே தயாராக இருந்தன. ஆட்கள் கிடைக்காமல் போனதும், சில ஆண்டுகளுக்குள் ஆலைக்குப் போகும் தக்காளியை ஏறக்குறைய முழுவதுமாக இயந்திரமே பறித்தது. இயந்திரம் இல்லாத பயிர்களில் சிலவற்றைப் பயிரிடுவதையே குறைத்துக்கொண்டார்கள். வந்தவர் போனார், இருந்தவருக்கு எதுவும் கூடவில்லை.

இதையெல்லாம் படித்துவிட்டு, புலம்பெயர்வால் உள்ளூர்த் தொழிலாளிக்குப் பாதிப்பே இல்லை என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பாதிப்பு எங்கே வருகிறது என்பதைக் கூர்ந்து பார்க்கவேண்டும். சுவீடனில் வாக்ஸ்ஹோம் என்ற ஊரில் ஒரு பள்ளிக் கட்டடத்தைப் புதுப்பிக்கும் வேலை 2004-இல் நடந்தது. லாத்வியாவைச் சேர்ந்த லாவல் நிறுவனம், தன் நாட்டுத் தொழிலாளர்களை லாத்வியக் கூலி ஒப்பந்தத்தோடு அங்கே அனுப்பியது. சுவீடன் கட்டடத் தொழிலாளர் சங்கம், எங்கள் ஊரில் வேலை என்றால் எங்கள் ஊர்க் கூலி ஒப்பந்தம் என்று கோரி, வேலைத்தளத்தை முற்றுகையிட்டது. வழக்கு ஐரோப்பிய நீதிமன்றம் வரை போனது. 2007 டிசம்பர் 18 அன்று வந்த தீர்ப்பு சங்கத்துக்கு எதிராக அமைந்தது, சேவைகளை எல்லை தாண்டி வழங்கும் நிறுவனத்தின் சுதந்திரத்தை அந்த முற்றுகை மீறியது என்று சொல்லி. லாத்வியத் தொழிலாளி சுவீடனுக்கு வந்தது அங்கே பிரச்சினை ஆகவில்லை. அவரோடு சேர்ந்து அவர் நாட்டுக் கூலியும் எல்லை தாண்டி வந்ததுதான் பிரச்சினை. 2018-இல் ஐரோப்பிய ஒன்றியம் விதியைத் திருத்தி, ஒரே இடத்தில் ஒரே வேலைக்கு ஒரே ஊதிய விதிகள் என்று கொண்டுவந்தது. 2020 ஜூலை 30 முதல் அது நடைமுறைக்கு வந்தது. வெளியிலிருந்து வருகிறவருக்குச் சம உரிமை கொடுப்பது அவருக்குச் செய்யும் தர்மம் என்று பலர் நினைக்கிறார்கள். அது உள்ளூர்க்காரர் தமக்கே எடுத்துக்கொள்ளும் காப்பீடு என்பது என் உறுதியான கருத்து. உரிமை இல்லாத ஒருவர் பக்கத்தில் நிற்கும்வரை, உரிமை உள்ளவரின் பேரம் பேசும் வலு பாதிதான்.

அந்த உரிமையின்மைக்கு மிகக் கூர்மையான வடிவம், விசாவை ஒரே முதலாளியோடு கட்டிப்போடுவது. வளைகுடா நாடுகளின் ‘கஃபாலா’ முறையைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். கஃபீல் என்னும் பொறுப்பாளரின் அனுமதி இல்லாமல் வேலை மாற முடியாது என்பதுதான் அந்த முறையின் அடிப்படை; பல இடங்களில் நாட்டைவிட்டு வெளியேறவும் முடியாமல் இருந்தது. வேலையை விட்டு ஓடினால் தலைமறைவானவர் என்று புகார் கொடுத்துவிடலாம். கத்தார் 2020-இல் வேலை மாறுவதற்குப் பழைய முதலாளியின் ஆட்சேபனையின்மைச் சான்று தேவையில்லை என்று ஆக்கி, எல்லா நாட்டவருக்கும் பொதுவான குறைந்தபட்ச ஊதியமாக 1,000 ரியாலை நிர்ணயித்தது. அந்த ஊதிய விதி 2021 மார்ச்சில் நடைமுறைக்கு வந்தது. சட்டம் மாறியது பெரிய விஷயம்தான். ஆனால் ராஜினாமா கொடுத்த தொழிலாளியைத் தலைமறைவு என்று புகார் செய்து பழிவாங்குவது சட்டத்தின் ஒரே வரியில் நின்றுவிடவில்லை.

கஃபாலா என்பது ஏதோ பாலைவன நாடுகளின் பிரச்சினை என்று ஒதுக்கிவிடவும் கூடாது. அமெரிக்காவில் எச்-1பி விசாவில் இருக்கும் மென்பொருள் பொறியாளரின் சம்பளமும் வாழ்க்கையும் கட்டடத் தொழிலாளியுடையதோடு ஒப்பிட முடியாதவை. ஆனால் அவர் கையிலுள்ள தாளைப் படித்தால் எலும்புக்கூடு ஒன்றுபோலத் தெரியும். வேலை போனால் 60 நாட்கள். அதற்குள் புதிய முதலாளி விண்ணப்பிக்காவிட்டால், அல்லது வேறு விசாவுக்கு மாறாவிட்டால், நாட்டைவிட்டுக் கிளம்பவேண்டும். 2022-இன் கடைசியிலும் 2023-லும் பெரும் தொழில்நுட்ப நிறுவனங்கள் ஆள்குறைப்புச் செய்தபோது, வீட்டுக் கடனும் பள்ளியில் படிக்கும் குழந்தைகளும் உள்ள ஒருவர், அலுவலக அட்டை வேலை செய்யாத அந்தக் காலையிலிருந்து நாட்களை எண்ணத் தொடங்கினார். அப்படிப்பட்டவர் மேலதிகாரியிடம் ஓவர்டைமைப் பற்றி வாதாடுவாரா? வேலையையும் தங்கும் உரிமையையும் ஒரே ஆணியில் மாட்டினால், ஆணியைப் பிடுங்கக்கூடியவரிடம் எல்லா அதிகாரமும் சேர்ந்துவிடுகிறது.

இதில் கடனையும் சேர்த்துக்கொள்ளுங்கள். முகவருக்குக் கட்டணம், மருத்துவப் பரிசோதனை, விமானச் சீட்டு என்று வட்டிக்கு வாங்கிக் கட்டிவிட்டுப் போகிறவர், முதல் நாள் வேலையில் நிற்கும்போதே பல மாதச் சம்பளத்தைக் கடனாகச் சுமக்கிறார். ஆள்சேர்ப்புச் செலவைத் தொழிலாளியிடம் வசூலிக்கக் கூடாது என்பது பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பின் கொள்கை. நடைமுறையில், மிகக் குறைந்த சம்பளம் வாங்குகிறவரே தன் வேலையைப் பெற மிக அதிக விலை கொடுக்கிறார். மேலே சொன்ன பிராசெரோ தொழிலாளர்களிடமும் ஆரம்ப ஆண்டுகளில் கூலியில் பத்து சதவீதம் சேமிப்பு என்று பிடிக்கப்பட்டது; ஊர் திரும்பிய பலருக்கு அது கைக்கு வரவே இல்லை. முதுமையில் அந்தப் பணத்துக்காக அவர்கள் வழக்கு நடத்தவேண்டியிருந்தது.

முதலாளி துண்டாவதன் உச்சத்தைப் பார்க்கவேண்டுமானால் கப்பலுக்குத்தான் திரும்பவேண்டும். கப்பலின் உரிமையாளர் கிரேக்கத்தில் இருக்கலாம். கொடி பனாமாவுடையதாகவோ லைபீரியாவுடையதாகவோ இருக்கலாம். ஆட்களைச் சேர்த்த நிறுவனம் மணிலாவில், சரக்கு ஒரு சீன ஆலையினுடையது, காப்பீடு லண்டனில். மாலுமிக்குச் சம்பளம் வராவிட்டால் எந்த நாட்டு அலுவலகத்தின் கதவைத் தட்டுவது? 2020-இல் கோவிட் எல்லைகளை மூடியபோது, ஒப்பந்தம் முடிந்த பிறகும் இறங்க முடியாமல் கடலிலேயே மாட்டிக்கொண்ட மாலுமிகள் சுமார் நான்கு லட்சம் பேர் என்று அந்த ஆண்டின் இறுதியில் பன்னாட்டுக் கடல்சார் அமைப்பு மதிப்பிட்டது. உலகத்துக்கு உணவும் மருந்தும் கொண்டுவந்தவர்கள் அவர்கள். இவர் எங்கள் தொழிலாளி என்று சொல்ல முன்வந்த நாடுகள் குறைவு. இருந்தாலும், இதே தொழில்தான் ஒரு வழியையும் காட்டியிருக்கிறது. 2006-இல் உருவான கடல்சார் தொழிலாளர் உடன்படிக்கையின் திருத்தம் 2017 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன்படி மாலுமிகள் கைவிடப்பட்டால் நான்கு மாதச் சம்பளம் வரையும், ஊர் திரும்பும் செலவும் காப்பீட்டிலிருந்து கிடைக்கவேண்டும். அந்தச் சான்றிதழ் கப்பலில் எல்லோர் கண்ணிலும் படும் இடத்தில் ஒட்டப்பட்டிருக்கவேண்டும். பொறுப்பை யாரிடம் தேடுவது என்று தெரியாத இடத்தில், பணத்தை முன்கூட்டியே கட்டிவைக்கச் சொல்வது நல்ல யோசனை. வேறு தொழில்களுக்கும் இது பொருந்தும்.

செயலி வழி வேலைகள் இதே கதையின் புதிய அத்தியாயம் என்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். ஓட்டுநர் எங்கள் தொழிலாளி இல்லை, தனியாகத் தொழில் செய்பவர் என்று நிறுவனங்கள் சொல்லிவந்தன. 2021 பிப்ரவரி 19 அன்று பிரிட்டன் உச்ச நீதிமன்றம், கட்டணத்தை நிர்ணயிப்பதும் ஒப்பந்த விதிகளை எழுதுவதும் ஊபர்தான் என்பதைச் சுட்டிக்காட்டி, ஓட்டுநர்கள் குறைந்தபட்ச ஊதியமும் சம்பளத்துடன் விடுப்பும் பெறத்தக்க தொழிலாளர்களே என்று தீர்ப்பளித்தது. தாளில் என்ன எழுதியிருக்கிறது என்பதைவிட, கடிவாளம் யார் கையில் இருக்கிறது என்பதைப் பார்த்த தீர்ப்பு அது.

நிரந்தர வேலை இனி இருக்குமா என்ற கேள்விக்கு வருகிறேன். உலகில் வேலை செய்பவர்களில் பாதிக்கு மேற்பட்டோர், ஏறத்தாழ 200 கோடிப் பேர், எழுத்து ஒப்பந்தமோ ஓய்வூதியமோ இல்லாத முறைசாரா வேலைகளில் இருக்கிறார்கள். ஒரே நிறுவனத்தில் சேர்ந்து அங்கேயே ஓய்வு பெறும் வாழ்க்கை, இரண்டாம் உலகப்போருக்குப் பின் சில பத்தாண்டுகளுக்குச் சில நாடுகளிலும், மற்ற நாடுகளில் அரசு வேலையிலும் பெரிய ஆலைகளிலும் மட்டுமே இருந்தது. அதை இழந்தவர்களின் வலி உண்மையானது; ஆனால் பெரும்பாலானோருக்கு அது ஒருபோதும் கிடைத்ததே இல்லை. டென்மார்க்கில் ஒருவரை வேலையிலிருந்து நீக்குவது பல ஐரோப்பிய நாடுகளைவிட எளிது. ஆனால் நீக்கப்பட்டவருக்கு இரண்டு ஆண்டுகள் வரை உதவித்தொகை கிடைக்கிறது, மறுபயிற்சியும் கிடைக்கிறது. அங்கே பாதுகாக்கப்படுவது அந்த நாற்காலி இல்லை, அதில் உட்கார்ந்திருந்த மனிதர். இதற்கு அதிக வரியும் வலுவான சங்கங்களும் வேண்டும். சட்டத்தின் முதல் பாதியை மட்டும் நகலெடுத்து, நீக்குவதை எளிதாக்கிவிட்டு உதவித்தொகையை மறந்துவிடும் அரசுகளைத்தான் நான் அதிகம் பார்க்கிறேன்.

பிள்ளைகளுக்கு என்ன சொல்வது? எந்தப் படிப்பு பாதுகாப்பானது என்று பட்டியல் போட எனக்குத் துணிவில்லை. ஒரு வேலையை முழுக்க முழுக்கக் கைநூலாக எழுதி, பார்க்காத ஒருவருக்கு அனுப்பிச் செய்யவைக்க முடியுமானால், அது என்றாவது வேறு நாட்டுக்கோ இயந்திரத்துக்கோ போகும். மருத்துவப் பதிவுகளைத் தட்டச்சு செய்வது, கணக்கு எழுதுவது, அழைப்பு மையத்தில் பதில் சொல்வது எல்லாம் அப்படித்தான் போயின. எதிரே இருக்கும் மனிதரையோ, குறிப்பிட்ட இடத்தையோ, உள்ளூர்ச் சட்டத்தையோ அறிந்து முடிவெடுக்கவேண்டிய வேலை அவ்வளவு சுலபமாக நகராது. நோயாளியைத் திருப்பிப் படுக்கவைப்பதையும் பழுதான மின்கம்பியைக் கண்டுபிடிப்பதையும் கன்டெய்னரில் அடைத்து அனுப்ப முடியாது. அந்த வேலைகளுக்கு மனிதர்கள் எல்லை தாண்டி வருவார்கள்; ஆகவே அவற்றின் கூலி, வருகிறவருக்கு என்ன உரிமை இருக்கிறது என்பதைப் பொறுத்தே நிற்கும்.

உள்ளூரிலோ வெளிநாட்டிலோ, உங்கள் பிள்ளை கையெழுத்திடப் போகும் ஒப்பந்தத்தை ஒருமுறை நீங்களே படியுங்கள். வேலை கொடுப்பவர் என்ற இடத்தில் எழுதியிருக்கும் பெயரும், வேலை செய்யப்போகும் இடத்தின் வாசலில் இருக்கும் பெயரும் ஒன்றுதானா என்று பாருங்கள். ஒன்றில்லை என்றால், சம்பளம் நின்றுபோனால் இருவரில் யார் பொறுப்பு என்று எந்த வரியில் இருக்கிறது என்று கேளுங்கள். வழக்கு எந்த நாட்டு நீதிமன்றத்தில், எந்த மொழியில் நடக்கும், வேலை மாற யாருடைய அனுமதி வேண்டும், பாஸ்போர்ட் யாரிடம் இருக்கும், விபத்துக் காப்பீட்டுச் சான்றிதழில் யார் பெயர் இருக்கிறது என்று கேளுங்கள். சம்பளத் தொகையை எல்லோரும் முதலில் பார்க்கிறார்கள். என்னிடம் தாளைக் கொண்டுவந்தவர்களில் இந்தக் கேள்விகளைத் தாமாகக் கேட்டவர்கள் மிகக் குறைவு. கேட்டபோது முகவர் பதில் சொல்லத் தயங்கிய இடத்தில் பேனாவைக் கீழே வைத்தவர்கள் சிலர் உண்டு. அவர்களுக்கு அடுத்த வேலை கிடைக்கச் சில மாதங்கள் ஆயின, ஆனால் கடன் இல்லாமல் காத்திருந்தார்கள்.